‘சும்மா பகிடிதானே’ என்றால் விட்டுவிடலாமா?

கேள்வி: எங்கள் கந்தோரில் தேநீர் நேரத்தில் ஒருவர் பெண்களையும் மலையகத்தாரையும் வைத்தே பகிடி விடுகிறார். முகம் சுளித்தால், ‘சும்மா பகிடிதானே’ என்கிறார். பேசாமல் இருப்பதா?
- வாசகி, உப்புவெளி, திருகோணமலை

பதில்: ஒரு பகிடியைக் கேட்டதும் நல்லவர் கெட்டவராவதில்லை. சிக்கல், ஏற்கெனவே உள்ளே வெறுப்பு வைத்திருப்பவரிடம். அமெரிக்க உளவியலாளர் தோமஸ் ஃபோர்டும் குழுவினரும் 2008இல் வெளியிட்ட ஆய்வில், பெண்கள்மீது பகைமை கூடிய ஆண்கள், பெண்களை மட்டந்தட்டும் பகிடிகளை வாசித்தபின் ஒரு பெண்கள் அமைப்புக்குத் தருவதாகச் சொன்ன தொகை குறைந்தது. பகிடியில்லாமல் நேராக மட்டந்தட்டும் வாக்கியங்களை வாசித்தவர்களிடம் அந்தப் போக்குத் தெரியவில்லை. நேர்ப்பேச்சு என்றால் மனம் உஷாராகும். சிரிப்பு வந்ததும் ‘இங்கே இது சரி’ என்றாகிவிடுகிறது. அந்த அனுமதியைக் கொடுப்பதில் சுற்றியிருந்து சிரிப்பவர்களுக்கும் பங்குண்டு.

ஆகவே மரியாதைக்குக்கூடச் சிரிக்காதீர்கள். ‘விளங்கேல்லை அண்ணா, இதில எது பகிடி?’ என்று சாதாரணக் குரலில் கேளுங்கள். விளக்கப் போனால் பகிடி செத்துவிடும். எல்லோர் முன்னும் பிரசங்கம் வைத்தால் அவர் ‘பாவம்’ ஆகிவிடுவார்; மற்றவர்கள் அவர் பக்கம் சாய்வார்கள். மலையகத்துச் சக ஊழியரும் சேர்ந்து சிரிக்கிறாரே என்று ஆறுதல்கொள்ள வேண்டாம். சிரிக்காவிட்டால் அடுத்தது தன்மேல் என்று அவருக்குத் தெரியும். தமிழில் விட்டால் சிங்கள ஊழியருக்கு விளங்காது என்பதும் தப்புக்கணக்கு, அதுவும் திருகோணமலையில்!

தொடர்ந்தால் தனியே கூப்பிட்டு, எந்தச் சொல், எந்த நாள் என்று குறிப்பாகச் சொல்லுங்கள். ‘தோட்டக்காட்டான்’ போன்ற வசவுகளைப் பகிடிக் கணக்கில் சேர்க்கவே கூடாது. அவற்றைத் திகதியோடு எழுதி மேலதிகாரியிடம் கொடுங்கள். ஒரு பிரதியை நீங்களும் வைத்திருங்கள்.