நீங்களே நடிக்கும் ஷாட்டில் ஃபோகஸ் தவறுவது பற்றி

ஆட்டோஃபோகஸை அணைத்துவிட்டு மேனுவலில், அதாவது கையால் ஃபோகஸ் வைக்கும் முறையில் வையுங்கள், அப்பர்ச்சரை (லென்ஸின் திறப்பு; எண் கூடினால் திறப்பு சுருங்கும்) 1.8-லிருந்து 4-க்குக் கொண்டுபோங்கள். பினாங்கு ஜார்ஜ்டவுன் லிட்டில் இந்தியாவில் இரவு எடுத்த ஷாட்டில் உங்கள் முகம் மங்கி, பின்னால் கடை விளக்குகள் மட்டும் தெளிவாக விழுவதாக எழுதியிருந்தீர்கள். வசனத்தின் நடுவே நீங்கள் முகத்தைத் திருப்பும் நொடியில் கேமரா விளக்கைப் பிடித்திருக்கும்.

ஃபுல் ஃபிரேம் (36×24 மிமீ சென்சார்) கேமராவில் 50 எம்எம் லென்ஸ், 2 மீட்டர் தூரம் என்றால், 1.8-இல் முன்னும் பின்னுமாகச் சுமார் 17 சென்டிமீட்டர்தான் தெளிவாக இருக்கும். உணர்ச்சியில் கொஞ்சம் முன்னால் சாய்ந்தாலே போச்சு. 4-இல் அது 38 ஆகும். திறப்பு சுருங்கி வெளிச்சம் குறைவதால் ஐஎஸ்ஓவை (சென்சாரின் ஒளி உணர்திறன்) 800-லிருந்து 4000-க்கு ஏற்ற வேண்டிவரும், நாய்ஸ் (படத்தில் புள்ளி புள்ளியான இரைச்சல்) வரும். பரவாயில்லை, மங்கிய முகத்தை எடிட்டிங்கில் காப்பாற்ற முடியாது.

ஒரு சோதனை: உங்கள் உயரமுள்ள நண்பரை உங்கள் இடத்தில் நிறுத்தி, திரையைப் பெரிதாக்கி அவர் கண்ணில் ஃபோகஸ் வைத்து, தரையில் டேப் ஒட்டுங்கள். அப்புறம் நீங்கள் நின்று முழு வசனமும் பேசி எடுத்துப் பாருங்கள்.

ஷட்டர் வேகம் 1/50 நொடி இருக்கட்டும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், இல்லாவிட்டால் கடை விளக்கு மினுங்கும்.

நடந்துகொண்டே பேசும் ஷாட்டுக்கு இது போதாது. அதற்கு ஃபோகஸ் பிடிக்க ஒருவர் வேண்டும். அவரை நம்பி ஒப்படையுங்கள். உங்கள் கண் லென்ஸைத் தேடினால் எதிரில் நடிப்பவருக்கும் காட்சி கெட்டுவிடும்.