இந்தோனேசியாவில் டிவி ரசிகர்கள் ஏன் இவ்வளவு வேகமாக யூடியூபுக்கு மாறினார்கள்?

பலரும் மலிவான மொபைல் டேட்டாவைக் காரணமாகச் சொல்வார்கள். அது உண்மைதான். ஆனால் டிவியை விட்டு வேறு வழியில் பார்க்கும் பழக்கம் அங்கே யூடியூபுக்கு முன்பே இருந்தது.

1962 ஆசிய விளையாட்டுப் போட்டியை ஒட்டித் தொடங்கிய அரசு டிவிஆர்ஐதான் வெகுகாலம் ஒரே சேனல். 1989-இல் ஆர்சிடிஐ வந்தது, பின்னாலேயே மற்ற தனியார் சேனல்களும் வந்தன. பெரும்பாலும் ஜகார்த்தாவிலிருந்தே நடந்தவை. நெடுந்தொடர்களும் தலைநகரத்துப் பணக்காரக் குடும்பங்களையே சுற்றிச் சுற்றி வந்தன.

கிழக்கு ஜாவா கிராமங்களில் கதை வேறு. கல்யாண வீட்டு மேடையில் டாங்டுட் என்னும் ஜனரஞ்சக இசைக் கச்சேரி நடக்கும். கெண்டாங் மேளம் அதிரும். ரசிகர்கள் மேடையேறிப் பாடகியின் கையில் ரூபியா நோட்டுகளைக் கொடுத்துக்கொண்டே ஆடுவார்கள். அதை அப்படியே படம்பிடித்து விசிடியாக (வீடியோ குறுந்தட்டாக) சந்தையில் விற்றார்கள். கிழக்கு ஜாவாவின் பாசுருவானைச் சேர்ந்த டாங்டுட் பாடகி இனுல் தாராதிஸ்தா பிரபலமானது அப்படி விற்ற திருட்டு விசிடிகளால்தான். 2003-இல் அவரது இடுப்பாட்டம் ஆபாசமா இல்லையா என்று நாடே சண்டை போட்டபோது, டிவி அவரைத் தேடி ஓடியது. என்னைக் கேட்டால், மாற்றத்தின் தொடக்கம் அங்கேதான்.

அப்புறம் யூடியூப் வந்ததும் அதே மேடைக் காட்சிகள் அங்கே ஏறின. அந்த மேடைகளில் வளர்ந்த பாடகி வியா வாலன்தான் 2018 ஜகார்த்தா ஆசியப் போட்டியின் அதிகாரபூர்வப் பாடலைப் பாடினார். இதற்கிடையே டிவி தொகுப்பாளர் டெடி கோர்புசியரும் தன் பேட்டிகளை யூடியூபுக்கே கொண்டுபோய்விட்டார்.