குட்டிகளைத் துரத்தும் காப்பக நாய்

கேள்வி: வெள்ளகோவில் பக்கம் எங்கள் கொறங்காட்டில் (வேலியடைத்த மேய்ச்சல் காட்டில்) 40 மேச்சேரி ஆடுகள் இருக்கின்றன. பட்டிக் காவலுக்கென்று காப்பகத்திலிருந்து 10 மாத நாட்டு நாய் ஒன்றை எடுத்து வந்தேன். ஒரு நிமிடம் சும்மா இருப்பதில்லை. குட்டிகளைத் துரத்துகிறது, சொட்டுநீர்க் குழாயைக் கடித்துக் குதறுகிறது. நேற்று ஒரு கோழியும் போயிற்று. கட்டியே போடலாமா, திருப்பிக் கொடுத்துவிடலாமா?

பதில்: இரண்டும் வேண்டாம். 10 மாதம் நாய்க்கு இளவட்ட வயது. கூண்டிலேயே கிடந்ததற்குத் திடீரென்று ஒரு காடு முழுக்கக் கிடைத்திருக்கிறது. ஓடுகிற எதையும் துரத்தத்தான் செய்யும். அதற்காகப் பகல் முழுக்கச் சங்கிலியில் போட்டால் மூர்க்கம்தான் ஏறும்.

ஆனாலும் உங்கள் வட்டாரத்தில் தெருநாய்கள் பட்டிக்குள் புகுந்து ஆடுகளைக் கொன்ற செய்திகளை நானும் படிக்கிறேன். இன்னும் ஆறு மாதமாவது இதை ஆடுகளுக்கு நடுவே தனியாக விடாதீர்கள்.

காலையில் வெயில் ஏறுமுன் அரை மணி, பொழுது சாய்ந்தபின் அரை மணி நன்றாக ஓடவிடுங்கள். களைத்ததும் 20 அடிக் கயிற்றில் பிடித்தபடி கிளுவை வேலிக்கு வெளியே உட்காரவையுங்கள். ஆட்டைப் பார்த்துவிட்டு உங்கள் முகத்தைத் திரும்பிப் பார்த்தால், அந்தக் கணமே வேகவைத்த முட்டையில் ஒரு துண்டு. பாய்ந்தால் அடிக்காமல் தள்ளிக் கூட்டிப் போய்விடுங்கள். அடி வாங்கிய நாய் நீங்கள் இருக்கும்வரைதான் அடங்கும். கோழியைக் கவ்வும்போது கத்திக்கொண்டு பின்னால் ஓடாதீர்கள். நீங்களும் விளையாட வந்ததாக நினைத்துக்கொள்ளும். கடிப்பதற்குத் தடித்த ரப்பர் பந்து ஒன்று கொடுத்தால் குழாய் கொஞ்சம் தப்பும்.

நீங்கள் கேட்காத ஒன்றும் உண்டு, ஆட்டுக்காரருக்கு அதுதான் முக்கியம். ஆடு அறுக்கும்போது தலையையும் குடலையும் ஈரலையும் பச்சையாக நாய்க்கு வீசாதீர்கள். நோய்ப்பட்ட ஆட்டின் மூளையில் உள்ள நீர்க்கட்டியைத் தின்றால் நாயின் குடலில் நாடாப்புழு வளரும். அதன் முட்டைகள் கழிவோடு மேய்ச்சல் காட்டில் விழும். அதை மேய்ந்த ஆட்டின் மூளையில் மறுபடியும் கட்டி. ஒரே பக்கமாகச் சுற்றிச் சுற்றி வந்து விழும் ஆட்டைப் பார்த்திருப்பீர்கள். ஈரல், நுரையீரலில் வரும் இன்னொரு வகைக் கட்டியின் புழு நாய் வழியாக மனிதருக்கும் வரும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை எடை பார்த்து, பிராசிகுவாண்டல் கலந்த குடற்புழு மாத்திரை கொடுங்கள்.

சின்ன வெங்காயக் குழம்பு ஊற்றிய சோறும் வேண்டாம். வெங்காயம் நாயின் இரத்தச் சிவப்பணுக்களை அழிக்கும். மாட்டுக்கு அடிக்கும் உண்ணி மருந்தை மருத்துவரைக் கேட்காமல் இதன்மேல் ஊற்றாதீர்கள். காப்பகத்தில் தடுப்பூசி அட்டை கேளுங்கள். அதில் வெறிநாய்த் தடுப்பூசி இல்லையென்றால் இந்த வாரமே கால்நடை மருந்தகத்தில் போட்டுவிடுங்கள்.

ஆறு மாதம் கழித்தும் குட்டியைக் கண்டதும் உடல் விறைத்து நிற்கிறதென்றால், பட்டிக்கு அது ஆகாது. சாளைக்கு (தோட்டத்து வீட்டுக்கு) காவலாக இருக்கட்டும். கோழிகளுக்கு இன்றைக்கே ஒரு கூண்டு அடியுங்கள்.