சக்கரத்தைப் பிடித்து ஆட்டிப் பாருங்கள்

இந்த முறை ஸ்டெப்னி, அதாவது உபரிச் சக்கரம் பற்றி வந்த கடிதங்களை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டேன். ஒன்று வந்தால் பின்னாலேயே இன்னும் நான்கு வருகிறது, பஞ்சர் மாதிரி.

கேள்வி: ஐயா, பள்ளம் மேட்டில் ஏறி இறங்கும்போது காரின் பின்பக்கம் 'டொக் டொக்' என்று சத்தம். போன மாதம் பஞ்சராகி, ஸ்டெப்னி மாட்டி ஓட்டி வந்ததிலிருந்துதான் இது. பட்டறையில் பின்பக்க ஷாக் அப்சார்பர் இரண்டையும் மாற்றச் சொல்கிறார்கள். மாற்றிவிடட்டுமா?

பதில்: கொஞ்சம் பொறுங்கள். பஞ்சரான நாளிலிருந்து சத்தம் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள், பாதி பதில் அதிலேயே வந்துவிட்டது. டிக்கியைத் திறந்து, விரிப்பையும் அடிப்பலகையையும் தூக்குங்கள். அங்கே படுத்திருக்கும் சக்கரத்தின் இரண்டு ஓரத்தையும் இரண்டு கையால் பிடித்து நன்றாக ஆட்டுங்கள். சக்கரத்தோடு சேர்ந்து வண்டியே ஆடினால் அது ஒழுங்காக இறுகியிருக்கிறது. சக்கரம் மட்டும் ஆடினால் சத்தம் எங்கிருந்து என்று தெரிந்துவிட்டது.

இதை நான் கற்றது கொஞ்சம் அவமானப்பட்டுத்தான். தொழிலுக்கு வந்த புதிதில் இதே சத்தத்தோடு ஒரு கார் வந்தது. ஷாக் அப்சார்பர் இரண்டையும் கழற்றினேன், சோதித்தேன், புஷ் மாற்றினேன், திரும்ப மாட்டி ஓட்டிப் பார்த்தேன். டொக் டொக். அரை நாள் போய்விட்டது. எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்த பெரியவர் வந்தார், டிக்கியைத் திறந்தார், நடுவில் இருந்த நட்டைக் கையால் ஒன்றரைச் சுற்று திருகினார், மூடிவிட்டுப் போய்விட்டார். ஒரு வார்த்தை பேசவில்லை. திட்டியிருந்தால் மறந்திருப்பேன்.

டிக்கிப் பள்ளத்தில் படுத்திருக்கும் சக்கரத்தைப் பெரும்பாலான கார்களில் ஒரே ஒரு நீள போல்ட்தான் பிடித்து வைத்திருக்கிறது. பள்ளத்தின் நடுவில் மரை போட்ட ஒரு தாங்கியைத் தகட்டோடு வெல்டு செய்திருப்பார்கள். போல்ட் ரிம்மின் நடுத்துளை வழியாக இறங்கி அதில் இறுகும். போல்டின் தலைக்குக் கீழே கூம்பு மாதிரி ஒரு பிளாஸ்டிக் துண்டு இருக்கும். அது நடுத்துளையில் நேராக உட்கார வேண்டும். சாய்வாக உட்கார்ந்தால் இறுக்கும்போது இறுகிய மாதிரிதான் இருக்கும். நான்கு பள்ளம் தாண்டியதும் சரிந்து இடைவெளி விட்டுவிடும்.

ஓடும் சக்கரங்கள் அலாய், ஸ்டெப்னி மட்டும் இரும்பு என்றால் இன்னொரு சிக்கல். இரண்டு ரிம்முக்கும் நடுவில் தடிமன் ஒன்றல்ல. பஞ்சரான அலாய் சக்கரத்தை ஸ்டெப்னி இடத்தில் படுக்க வைத்தால் போல்ட் இரண்டு மரைதான் பிடிக்கும். சில வண்டிகளில் அந்தக் கூம்பைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டால் சரியாகிவிடும், அதற்கென்றே அப்படிச் செய்திருப்பார்கள். வண்டியோடு வந்த கையேட்டில் படம் இருக்கும். (கையேட்டை வாங்கிய அன்றே பரணில் போட்டவர்கள் இறக்கி எடுக்கவும்.)

கையால் முடிந்த மட்டும் இறுக்குங்கள். ஸ்பேனர் போட்டு இன்னும் ஒரு சுற்று திருக ஆசை வரும், வேண்டாம். அடியில் இருப்பது மெல்லிய தகடு. வெல்டு விட்டுப்போனால் அப்புறம் எந்த போல்ட்டும் நிற்காது. ஜாக்கியையும் ஆட்டிப் பாருங்கள். திருகு ஜாக்கியாக இருந்தால் அதன் இடத்தில் வைத்து, தாங்கிக்குள் விறைப்பாகப் பிடிக்கும் வரை கொஞ்சம் விரித்து விடவேண்டும். வீல் ஸ்பேனரைப் பழைய துணியில் சுற்றி வையுங்கள். இவ்வளவும் செய்த பிறகும் சத்தம் வந்தால் ஷாக் அப்சார்பரைப் பற்றிப் பேசலாம்.

கேள்வி: காரில் எரிவாயு சிலிண்டர் பொருத்தினோம். ஸ்டெப்னிக்கு இடமில்லாமல் டிக்கியில் சும்மா நிறுத்தி வைத்திருக்கிறோம். கனமான பொருள்தானே, எங்கே போய்விடப் போகிறது என்கிறார் கணவர். நான் பயப்படுவது அதிகப்படியா?

பதில்: அம்மா, உங்கள் பயம் நியாயமானது. கனமான பொருள் என்பதால்தான் ஆபத்து. கணவருக்கு ஒரு கணக்குக் காட்டுங்கள். மணிக்கு 50 கிலோமீட்டர் வேகத்தில் போகும் கார் எதிலாவது மோதி பத்தில் ஒரு விநாடிக்குள் நிற்கிறது. கார் நின்றாலும் டிக்கியில் இருக்கும் சக்கரம் நிற்காது, அது இன்னும் 50 கிலோமீட்டர் வேகத்தில்தான் முன்னால் போகும். 15 கிலோ சக்கரத்தை அந்த நேரத்துக்குள் நிறுத்த ஏறக்குறைய 210 கிலோ எடைக்குச் சமமான விசை வேண்டும். அதைத் தரப்போவது பின் இருக்கையின் முதுகும், அதில் சாய்ந்து உட்கார்ந்திருப்பவரின் முதுகும்தான். மூன்று பெரிய ஆட்கள் ஒரே நேரத்தில் ஏறி நிற்கிற மாதிரி.

நிறுத்தி வைக்காமல் படுக்க வையுங்கள், பின் இருக்கையின் முதுகை ஒட்டி. டிக்கித் தரையிலோ பக்கங்களிலோ சாமான் கட்டுவதற்கான இரும்பு வளையங்கள் இருக்கிறதா என்று பாருங்கள். லாரிக்காரர்கள் சாமான் கட்டப் பயன்படுத்தும், நெம்புகோல் வைத்து இறுக்குகிற பட்டையை ரிம்மின் துளைகள் வழியாக நுழைத்து, குறைந்தது இரண்டு வளையங்களில் இழுத்துக் கட்டுங்கள். ரப்பர் கயிறு உதவாது, அது நீண்டு கொடுத்துவிடும். ஆனால் சிலிண்டரிலோ அதன் தாங்கியிலோ எதையும் கட்டாதீர்கள். வளையமே இல்லாத வண்டி என்றால் சிலிண்டர் பொருத்தியவர்களிடமே சக்கரத்துக்கும் ஒரு தாங்கி செய்துதரக் கேளுங்கள்.

சிறிய ஸ்டெப்னி வைத்திருக்கும் எல்லோருக்கும் இதே சிக்கல் ஒருநாள் வரும். சிறிய சக்கரத்தை மாட்டிய பிறகு, கழற்றிய பெரிய சக்கரம் அந்தப் பள்ளத்தில் போகாது. பட்டை ஒன்றை இப்போதே டிக்கியில் போட்டு வையுங்கள்.

கேள்வி: எங்கள் வண்டியில் ஸ்டெப்னி அடியில் கம்பிவடத்தில் தொங்குகிறது. ஐந்து வருடத்தில் முதல் பஞ்சர், அதுவும் நடுராத்திரி. கம்பியை நுழைத்துத் திருகத் திருக ஒன்றுமே இறங்கவில்லை. கடைசியில் வண்டியை இழுத்துக்கொண்டு போக வேண்டியதாயிற்று. என்ன தப்பு செய்தோம்?

பதில்: ஐந்து வருடம் அதைத் தொடாமல் விட்டீர்கள், அவ்வளவுதான். வண்டியில் மிகவும் கேவலமான இடம் அதற்குத்தான் கிடைத்திருக்கிறது. பின் சக்கரங்கள் வாரியடிக்கிற சேறு, மழைநீர், மணல் எல்லாம் நேராக அங்கேதான் போகும். கம்பிவடம் துருப்பிடிக்கும், அதைச் சுற்றும் உருளை இறுகும்.

இப்படி மாட்டிக்கொண்டால் முதலில் எதிர்த்திசையில் திருகி, 'கடக் கடக்' என்று நழுவும் வரை மேலே ஏற்றிவிட்டு, பிறகு இறக்கிப் பாருங்கள். சில வண்டிகளில் கம்பிவடம் அறுந்தாலும் சக்கரம் சாலையில் விழாதபடி தாங்க இரண்டாவது கொக்கி ஒன்று உண்டு. அது தவறிப் பிடித்துக்கொண்டிருந்தால் ஏற்றி இறக்கும்போது பல நேரம் விட்டுக்கொடுக்கும். எது எப்படியானாலும் சக்கரத்துக்கு நேர் கீழே தலையையோ கையையோ நீட்டாதீர்கள். பெரிய வண்டிச் சக்கரம் 25 கிலோவுக்கு மேலேயே இருக்கும், விழும்போது சொல்லிவிட்டு விழாது.

இனி ஆறு மாதத்துக்கு ஒருமுறை, பகல் வெளிச்சத்தில், சமதரையில் நிறுத்தி முழுதாகத் தரை வரை இறக்குங்கள். சக்கரத்தையும் கம்பிவடத்தையும் கழுவிக் காய விடுங்கள். கம்பிவடத்தின் மேல் ஒரு துணியைப் பிடித்து நீளவாக்கில் தடவுங்கள். எங்காவது துணி சிக்கினால் அங்கே இழை அறுந்திருக்கிறது, கம்பிவடத்தை மாற்றிவிடுங்கள். (வெறுங்கையால் தடவ வேண்டாம். நான் தடவியிருக்கிறேன்.) எண்ணெய் விட்டு இரண்டு மூன்று தடவை ஏற்றி இறக்குங்கள். கடைசியாக ஏற்றும்போது, கம்பிவடத்தின் நுனியில் இருக்கும் தகடு ரிம்மின் நடுத்துளையில் நேராக உட்கார்ந்திருக்கிறதா என்று பார்த்துக்கொண்டே ஏற்றுங்கள். நழுவும் சத்தம் கேட்டதும் நிறுத்தி, சக்கரத்தின் ஓரத்தைப் பிடித்து ஆட்டுங்கள். ஆடக் கூடாது. காற்றழுத்தத்தில் நட்டுத் திருகும் துப்பாக்கியால் சரசரவென்று ஏற்றும் ஆட்களிடம் கொடுக்காதீர்கள், உள்ளே இருக்கும் பல்சக்கரம் அதைத் தாங்காது.

பஞ்சரான சக்கரத்தை ஒட்டுப்போடக் கொடுத்துவிட்டு வரும்போது கம்பிவடத்தை வெறுமையாகவாவது சுருட்டி ஏற்றிவிடுங்கள். சாலையில் இழுபட்டு வரும் கம்பிவடத்தை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

கேள்வி: கார் வாங்கி 11 வருடம். ஸ்டெப்னி தரையையே தொட்டதில்லை, டயரில் முடிகூட உதிரவில்லை. தேய்ந்துபோன முன் டயருக்குப் பதிலாக அதைப் போட்டு ஓட்டலாமா?

பதில்: கூடாது, தம்பி. டயரின் பக்கச்சுவரில் டிஓடி (DOT) என்று தொடங்கும் எழுத்து வரிசையைத் தேடுங்கள். கடைசி நான்கு எண்கள்தான் அதன் பிறந்தநாள். 2314 என்றிருந்தால் 2014ஆம் ஆண்டின் 23ஆவது வாரத்தில் செய்தது. முழு வரிசை ஒரு பக்கத்தில் மட்டும் இருக்கலாம், காணவில்லை என்றால் சக்கரத்தைத் திருப்பிப் பாருங்கள். ஆறு வருடத்துக்கு மேல் போன டயரை மாற்றச் சொல்லும் கார் நிறுவனங்கள் உண்டு. பத்து வருடத்துக்கு மேல் எப்படி இருந்தாலும் வேண்டாம் என்பது டயர் செய்பவர்களே சொல்வது. ஸ்டெப்னியும் இதில் சேர்த்தி.

ஓடாத டயர் கெடாது என்று நினைக்கிறோம். ரப்பரில் வெடிப்பு விழாமல் காக்க அதில் ஒருவகை மெழுகு கலந்திருப்பார்கள். டயர் உருண்டு நெளியும்போதுதான் அது மேல்பரப்புக்கு நன்றாகக் கசிந்து வரும். சும்மா கிடக்கும் டயருக்கு அந்தப் பாதுகாப்பு குறைவு. டிக்கிச் சூட்டில் வெந்துகொண்டும் இருக்கிறது. டயரை வளைத்துப் பாருங்கள், தரைபடும் பகுதியின் பள்ளங்களில் மயிரிழை வெடிப்புகள் தெரியும்.

அடுத்த முறை புது டயர் போடும்போது ஐந்தாக எண்ணுங்கள். ஸ்டெப்னியும் மற்ற நான்கும் ஒரே அளவு, ஒரே வகை ரிம் என்றால் 10,000 கிலோமீட்டருக்கு ஒருமுறை ஐந்தையும் இடம் மாற்றி மாற்றிச் சுற்றில் விடலாம். ஒரு திசையில் மட்டும் உருளவேண்டிய டயர் என்றால் அம்புக்குறியைப் பார்த்துத்தான் மாட்ட வேண்டும்.

கேள்வி: ஸ்டெப்னியில் எவ்வளவு காற்று வைப்பது?

பதில்: முழு அளவு சக்கரம் என்றால், கதவுச் சட்டத்தில் ஒட்டியிருக்கும் அட்டவணையில் முழுப் பாரத்துக்குச் சொல்லியிருக்கும் அளவை வையுங்கள். நடுவழியில் காற்றை இறக்கிவிட முடியும், ஏற்றத்தான் முடியாது. நல்ல டயரிலேயே மாதம் ஒன்றிரண்டு பிஎஸ்ஐ தானாகக் குறையும். ஒரு வருடம் பார்க்காமல் விட்டால் கணக்கு நீங்களே போட்டுக்கொள்ளுங்கள். சிறிய தற்காலிக ஸ்டெப்னி வேறு கதை. பெரும்பாலானவற்றில் 60 பிஎஸ்ஐ, அதன் மேலேயே அச்சிட்டிருக்கும். மற்ற நான்கைப் போல 32 வைத்துவிட்டுப் போகும் பையன்கள் உண்டு, பக்கத்தில் நின்று பாருங்கள். அதை மாட்டிக்கொண்டு மணிக்கு 80 கிலோமீட்டருக்கு மேல் போகக் கூடாது. முன்சக்கரங்கள் இழுக்கும் காரில் முன்பக்கம் பஞ்சர் என்றால், நல்ல பின்சக்கரம் ஒன்றை முன்னால் மாற்றிவிட்டு, சிறியதைப் பின்னால் மாட்டுவது நல்லது. வேலை இரட்டிப்புதான்.

வால்வு மேலே தெரியும்படி படுக்க வைத்தால் காற்றுப் பார்க்க சக்கரத்தைத் தூக்க வேண்டியதில்லை.

கேள்வி: ஸ்டெப்னி என்பது எந்த மொழிச் சொல்?

பதில்: ஒரு தெருவின் பெயர். வேல்ஸ் நாட்டில் லானெல்லி என்ற ஊரில் ஸ்டெப்னி தெரு இருக்கிறது. கார்கள் உபரிச் சக்கரம் இல்லாமலேயே விற்கப்பட்ட 1904இல் அங்கே ஒரு சக்கரம் செய்து அந்தப் பெயரில் விற்றார்கள். அது ஆரங்கள் இல்லாத, டயர் மாட்டிய வெறும் வளையம். பஞ்சரான சக்கரத்தைக் கழற்றாமல், அதன் பக்கத்திலேயே இதைக் கவ்விப் பிடிக்க வைத்து ஓட்டிக்கொண்டு போகவேண்டியதுதான். அந்த வளையம் போய்விட்டது, பெயர் மட்டும் நம் வாயில் நின்றுவிட்டது.

கேள்வி: புதிய காரில் ஸ்டெப்னிக்குப் பதிலாக ஒட்டுப்பால் பாட்டிலும் காற்றடிக்கும் சிறு பம்ப்பும் கொடுத்திருக்கிறார்கள். டிக்கியில் பள்ளம் இருக்கிறது. சக்கரம் ஒன்று வாங்கிப் போட்டுக்கொள்ளலாமா?

பதில்: நான் போட்டுக்கொள்வேன். அந்தப் பால் டயரின் தரைபடும் பகுதியில் ஆணி குத்திய சிறு ஓட்டையைத்தான் அடைக்கும். பக்கச்சுவர் கிழிந்தால் பாட்டிலால் பயனில்லை. அதற்குக் காலாவதித் தேதியும் உண்டு. ஆனால் சக்கரம் வாங்கும் முன் பள்ளத்தின் நடுவைத் தடவிப் பாருங்கள். போல்ட் இறங்க மரை போட்ட தாங்கி இருந்தால், அதே மாடலுக்கான நீள போல்ட்டையும் கூம்பையும் சேர்த்துக் கேட்டு வாங்குங்கள். ஜாக்கி, வீல் ஸ்பேனர் கொடுத்திருக்கிறார்களா என்றும் பாருங்கள், ஸ்டெப்னி இல்லாத வண்டியில் பெரும்பாலும் இருக்காது. தாங்கியே இல்லை, வெறும் தகடுதான் என்றால், இரண்டாவது கேள்விக்குச் சொன்ன பட்டைதான் வழி.