ஊரை எரித்தவனை மன்னிக்கலாம், கூட இருந்தவனை?

கேள்வி: எங்கள் ரசிகர் குழுவில் ஒரு தொடர்கதையைப் பற்றிச் சண்டை. நாயகனைக் காட்டிக்கொடுத்த நண்பன் கடைசியில் திருந்துகிறான். "இவனை என்னால் மன்னிக்க முடியாது" என்று எழுதினேன், ஆளாளுக்குப் பிடித்துக்கொண்டார்கள். அதே ஆட்கள்தான் ஊரையே எரித்த வில்லனைக் கொண்டாடுகிறார்கள்! நான் சொன்னதில் என்ன தப்பு?

பதில்: ஒரு தப்பும் இல்லை. எரிந்த ஊரில் செத்தவர்களுக்கு முகமும் கிடையாது, பெயரும் கிடையாது. ஏமாந்த நண்பனோடு நாம் முதல் அத்தியாயத்திலிருந்து கூடவே வந்திருக்கிறோம். 'ஸ்டார் வார்ஸ்' படங்களின் வில்லன் டார்த் வேடர் எத்தனை பேரைக் கொன்றவன்! 1983-ல் வந்த படத்தின் முடிவில் மகனைக் காப்பாற்ற எஜமானனைத் தூக்கி எறிகிறான், முகமூடி கழன்றதும் உள்ளே களைத்துப்போன ஒரு கிழவன், அவ்வளவுதான், நம் மனசு இளகிவிடுகிறது. செத்தவர்களிடம் யாரும் சம்மதம் கேட்பதில்லை.

கம்பராமாயணத்தையே பாருங்கள். இராவணன் செய்தது தவறு என்று இரண்டு தம்பிகளுக்கும் தெரியும். வீடணன் அண்ணனை விட்டு இராமனிடம் போகிறான். கும்பகருணன், தம்பி நேரில் வந்து அழைத்தும் போகாமல், தோற்போம் என்று தெரிந்தே போரிட்டுச் சாகிறான். நியாயம் வீடணன் பக்கம்தான், ஆனால் படிக்கிறவர் கண் கலங்குவது மற்றவனுக்காக. கூட இருந்தவன் விட்டுப் போவது நமக்கு அப்படி உறுத்துகிறது, காரணம் எவ்வளவு சரியாக இருந்தாலும்.

எனவே நாயகனே மன்னித்துவிட்டான் என்பதற்காக நீங்களும் மன்னிக்க வேண்டியதில்லை. ஆனால் குழுவில் ஒருவர் "எனக்கு அவனைப் பிடிக்கும்" என்றால், அவன் செய்தது சரி என்கிறார் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். பாதிச் சண்டை அங்கேதான் தொடங்குகிறது. "அவன் திருந்தியது நம்பும்படி இல்லை" என்று எழுதினால் கதையைப் பற்றிப் பேசலாம், "அவனைப் பிடித்தவர்கள் எல்லாம் இப்படித்தான்" என்றால் அப்புறம் என்ன பேச?

கேள்வி: பிடித்த பாத்திரத்தைக் கதாசிரியர் கொல்வது ரசிகர்களுக்குச் செய்யும் துரோகம் இல்லையா?

பதில்: இல்லை. சாகடிக்க மாட்டேன் என்று அவர் யாருக்கும் வாக்குக் கொடுக்கவில்லையே. 1893-ல் கானன் டாயில் ஷெர்லக் ஹோம்ஸைக் கொன்றபோது வாசகர்கள் கொதித்தார்கள், 1903-ல் ஹோம்ஸ் உயிரோடு திரும்பி வந்தார். என்னைக் கேட்டால் துரோகம் அந்த இரண்டாவது கதையில்தான் இருக்கிறது: தான் சாகவில்லை என்பதை அண்ணனுக்கு மட்டும் சொல்லிவிட்டு, உயிர் நண்பர் வாட்சனைக் கதைப்படி மூன்று வருடம் துக்கத்தில் விட்டுவிட்டார் ஹோம்ஸ். பாவம் வாட்சன், பார்த்ததும் மயங்கி விழுந்து, எழுந்ததும் சந்தோஷப்படுகிறார். நானாக இருந்தால் மயக்கம் தெளிந்த கையோடு ஓர் அறை விட்டிருப்பேன்.