பசுமை இல்ல வாயுக்களைக் குறைக்க உண்மையில் எவ்வளவு செலவாகும்? அந்தப் பணத்தை யார் தருவார்கள்?

எரிசக்தித் திட்டங்களுக்குக் கடன் கேட்டு வரும் கோப்புகளைப் படித்து, கணக்கு தாங்குமா என்று பார்ப்பது என் வேலை. பதினோரு வருடமாக இதைத்தான் செய்கிறேன். அதனால் என் பதில் வட்டியில் ஆரம்பிக்கும். மொத்தச் செலவு எத்தனை லட்சம் கோடி என்று கேட்பவர்கள் பலர். அந்தப் பணம் என்ன வட்டிக்குக் கிடைக்கும், எத்தனை வருடத்துக்குக் கிடைக்கும் என்று கேட்பவர்கள் குறைவு. என் அனுபவத்தில் ஒரு திட்டம் எழுவதும் விழுவதும் பெரும்பாலும் இந்த இரண்டாவது கேள்வியில்தான்.

எரிவாயு மின்நிலையம் கட்டுபவர் முதலில் ஓரளவு பணம் போட்டால் போதும். மீதிச் செலவு எரிபொருள். அதை மாதாமாதம், மின்சாரம் விற்ற காசிலேயே கட்டிக்கொள்ளலாம். சூரியமின் நிலையத்தில் அது தலைகீழ். எரிபொருள் செலவே கிடையாது, ஆனால் 25 வருட மின்சாரத்துக்கான பணத்தில் பெரும்பகுதியை முதல் நாளே கொட்டியாக வேண்டும். காற்றாலையும் அப்படித்தான். கையில் அவ்வளவு பணம் யாரிடமும் இருக்காது, கடன்தான் வாங்க வேண்டும்.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். 10 கோடி டாலர் கடன், 20 வருடத் தவணை. வட்டி 4 சதவீதம் என்றால் வருடத்துக்குச் சுமார் 74 லட்சம் டாலர் கட்ட வேண்டும். 12 சதவீதம் என்றால் சுமார் 1 கோடியே 34 லட்சம். இருபது வருடத்தில் முதலாமவர் கட்டுவது ஏறக்குறைய 14.7 கோடி, இரண்டாமவர் கட்டுவது 26.8 கோடி. பேனல் ஒன்றுதான், வெயிலும் ஒன்றுதான், கிடைக்கும் மின்சாரமும் ஒன்றுதான். எக்செல் தாளில் ஒரே ஒரு கட்டத்தில் 4-ஐ அழித்து 12 என்று போட்டால், அதுவரை பச்சையில் இருந்த கடைசி வரி சிவப்பாகிவிடும். இதை நான் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன், ஒவ்வொரு தடவையும் மனது கஷ்டப்படும். ஏனென்றால் 12 சதவீதம் கட்ட வேண்டியவர் பெரும்பாலும் ஏழை நாட்டுக்காரர். வளரும் நாடுகளில் இப்படிப்பட்ட திட்டங்களுக்குப் பணம் திரட்ட ஆகும் செலவு, அதாவது கடன் வட்டியும் முதலீட்டாளர் எதிர்பார்க்கும் லாபமும், பணக்கார நாடுகளைப் போல இரண்டு மடங்குக்கும் மேல் என்று சர்வதேச எரிசக்தி முகமை பல வருடங்களாகச் சொல்லிவருகிறது.

பொருளின் விலை மட்டும் பார்த்தால் செய்தி மிக நல்ல செய்தி. புதிதாகக் கட்டப்படும் சூரியமின் நிலையங்களின் உலகச் சராசரி அடக்கவிலை 2010-இல் யூனிட்டுக்கு 46 அமெரிக்க சென்ட். 2023-இல் 4.4 சென்ட். லித்தியம் பேட்டரி 2010 வாக்கில் ஒரு கிலோவாட் மணிக்கு 1,000 டாலருக்கு மேல் இருந்தது, 2024-இல் 115 டாலருக்கு வந்துவிட்டது.

சரி, மொத்தக் கணக்குக்கு வருவோம். ஐபிசிசி என்கிற, காலநிலை மாற்றத்துக்கான பன்னாட்டு அரசுக் குழு, 2022 அறிக்கையில் சொன்னது இது: ஒரு டன் கார்பன் டை ஆக்சைடுக்குச் சமமான வாயுவைக் குறைக்க 100 டாலரோ அதற்குக் குறைவாகவோ செலவாகும் வழிகளை மட்டும் எடுத்துக்கொண்டாலே, உலக வெளியீட்டை 2030-க்குள் 2019 அளவில் பாதியாகவாவது குறைக்க முடியும். அந்தக் குறைப்பிலும் பாதிக்கு மேல் டன்னுக்கு 20 டாலருக்கும் கீழே முடிந்துவிடும். சூரியன், காற்று, மின்சிக்கனம், காடுகளைக் காப்பது, மீத்தேன் கசிவை அடைப்பது எல்லாம் இந்த மலிவான பகுதியில் வருபவை. சிமெண்ட், எஃகு, விமானம் போன்றவைதான் கடினம், அங்கே செலவும் ஏறும்.

இன்னொரு பழைய கணக்கும் உண்டு. 2006-இல் பொருளாதார அறிஞர் நிக்கோலஸ் ஸ்டெர்ன் பிரிட்டன் அரசுக்குக் கொடுத்த அறிக்கை: ஒன்றும் செய்யாவிட்டால் உலக உற்பத்தியில் வருடத்துக்கு 5 முதல் 20 சதவீதம் வரை இழப்பு, நடவடிக்கை எடுத்தால் செலவு சுமார் 1 சதவீதம். இதைப் பொருளாதார அறிஞர்கள் பலர் ஏற்கவில்லை. சண்டை அறிவியலைப் பற்றியது அல்ல. அதுவும் வட்டியைப் போன்ற ஒரு எண்ணைப் பற்றியதுதான். நூறு வருடம் கழித்து வரப்போகும் நட்டம் இன்றைய பணத்தில் எவ்வளவு? 10 லட்சம் டாலர் நட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஸ்டெர்ன் வைத்தது போல வருடத்துக்கு 1.4 சதவீதம் கழித்துக்கொண்டே வந்தால் அதன் இன்றைய மதிப்பு சுமார் இரண்டரை லட்சம். சந்தை வட்டியை ஒட்டி 5 சதவீதம் என்று கழித்தால் வெறும் 7,600 டாலர். வில்லியம் நோர்தவுஸ் போன்றவர்கள் சந்தையில் மக்கள் உண்மையில் நடந்துகொள்வதை ஒட்டிய வீதம்தான் வேண்டும் என்றார்கள். அவருக்கு 2018-இல் நோபல் பரிசும் கிடைத்தது. ஆனாலும் என் மனது ஸ்டெர்ன் பக்கம்தான். இன்னும் பிறக்காத ஒருவரின் வீடு வெள்ளத்தில் போவதை, பிறந்த வருடம் தள்ளி என்பதற்காக மட்டும் தள்ளுபடி செய்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

செலவே இல்லாத, இன்னும் சொன்னால் லாபம் தரும் குறைப்புகளும் நிறைய இருக்கின்றன. அப்புறம் ஏன் நடப்பதில்லை? வாடகை வீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். சுவருக்கும் கூரைக்கும் வெப்பம் புகாத பூச்சோ பலகையோ போட வேண்டியவர் வீட்டுக்காரர். மின்கட்டணம் கட்டுபவர் குடியிருப்பவர். போடுபவருக்குச் சேமிப்பு வராது. சேமிப்பு வரக்கூடியவருக்கோ அடுத்த வருடம் அந்த வீட்டில் இருப்போமா என்பதே தெரியாது. கணக்கில் லாபம் என்று காட்டும் வேலை வருடக்கணக்கில் அப்படியே கிடக்கும். இதற்குப் பணத்தை விட விதிதான் தேவை: கட்டும்போதே இந்தத் தரத்தில் கட்டு என்கிற விதி.

பணத்தை எப்படிக் கொடுப்பது என்பதில் உலகம் ஒரு பெரிய பாடம் படித்தது. அது அதிகம் பேசப்படுவதில்லை என்பதால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். குளிர்பதனப் பொருளான எச்சிஎஃப்சி-22 தயாரிக்கும்போது எச்எஃப்சி-23 என்ற வாயு கழிவாக வரும். வெளியீட்டைக் குறைக்க நாடுகள் செய்த கியோட்டோ ஒப்பந்தத்தின் கணக்குப்படி அதில் ஒரு டன், 11,700 டன் கார்பன் டை ஆக்சைடுக்குச் சமம். வளரும் நாட்டு ஆலை அதைப் பிடித்து எரித்தால், அந்த 11,700 டன்னுக்கும் கார்பன் சான்று கிடைக்கும். தங்கள் குறைப்புக் கணக்கில் சேர்த்துக்கொள்ள அதைப் பணக்கார நாடுகள் விலைக்கு வாங்கும். எரிக்கும் கருவிக்கு ஆகும் செலவோ மிகக் குறைவு. எல்லா ஆலைகளிலும் கருவி வைக்க 10 கோடி யூரோவுக்கும் குறைவாகவே ஆகும், சான்றுகளாகக் கைமாறக்கூடிய தொகையோ 470 கோடி யூரோ வரை போகும் என்று ஆய்வாளர் மைக்கேல் வாரா 2007-இல் நேச்சர் அறிவியல் இதழில் கணக்குக் காட்டினார். கழிவை எரித்து வரும் வருமானம், விற்கும் பொருளில் வரும் வருமானத்தையே தாண்டிவிட்டது. கழிவுக்காகவே உற்பத்தியைக் கூட்டுகிறார்களோ என்ற சந்தேகம் வந்தது. கடைசியில் 2013-இல் ஐரோப்பிய ஒன்றியம் தன் சந்தையில் இந்தச் சான்றுகளை ஏற்பதையே நிறுத்திவிட்டது.

இதே மாதிரி வேலையை, ஓசோன் படலத்தைக் காக்கும் மாண்ட்ரியல் ஒப்பந்தத்தின் பன்முக நிதியம் எப்படிச் செய்தது என்று பாருங்கள். ஓசோனைக் கெடுக்கும் பொருளை விட்டு வேறு பொருளுக்கு மாற ஒரு ஆலைக்குக் கூடுதலாக என்ன செலவாகும் என்று உட்கார்ந்து கணக்கிடுவார்கள். பேசி முடித்த அந்தத் தொகையை மட்டும் கொடுப்பார்கள். சந்தை விலை என்ற பேச்சே அங்கு இல்லை. எல்லாவற்றுக்கும் சந்தை கூடாது என்று நான் சொல்லவில்லை. ஆனால் எந்த ஆலையில் என்ன கருவி வைக்க வேண்டும் என்று தெரிந்த இடத்தில் நேராகச் செலவைக் கொடுத்துவிடுவதுதான் மலிவு.

இனி, யார் தருவார்கள். 2009-இல் கோபன்ஹேகன் காலநிலை மாநாட்டில், 2020-க்குள் வளரும் நாடுகளுக்கு வருடத்துக்கு 10,000 கோடி டாலர் திரட்டித் தருவதாகப் பணக்கார நாடுகள் சொன்னன. ஓஈசிடி என்கிற, பெரும்பாலும் பணக்கார நாடுகளின் பொருளாதார அமைப்பின் கணக்குப்படி அந்த எல்லையைத் தாண்டியது 2022-இல்தான், இரண்டு வருடம் தாமதமாக. அந்த வருடத் தொகை 11,590 கோடி. அரசுகள் வழியாக வந்ததில் பெரும்பகுதி கடன்தான், மானியம் அல்ல. 2024-இல் பாகு மாநாட்டில், 2035-க்குள் வருடத்துக்கு 30,000 கோடி என்று புதிய இலக்கு வைத்தார்கள். வளரும் நாடுகள் கேட்டது 1.3 லட்சம் கோடி. அது பல வழிகளிலும் திரட்டப்பட வேண்டிய தொகை என்று அதே முடிவில் ஒரு வரியாக இடம்பெற்றது.

உலகத்தில் பணமே இல்லையா என்றால், இருக்கிறது. 2024-இல் தூய எரிசக்தியில் சுமார் 2 லட்சம் கோடி டாலர் முதலீடு நடந்ததாக எரிசக்தி முகமை மதிப்பிட்டது. சீனாவைத் தவிர்த்த மற்ற வளரும் நாடுகள் எல்லாம் சேர்ந்து அதில் பெற்றது 15 சதவீதம்போல. கார்பன் வரியும், வாயுவை வெளியிட ஆலைகள் வாங்க வேண்டிய அனுமதிகளின் ஏலமும் 2023-இல் அரசுகளுக்கு 10,000 கோடி டாலருக்கு மேல் வருமானம் தந்தன. சுவீடன் 1991-இலிருந்து கார்பன் வரி வாங்கிவருகிறது. மக்களிடம் வாங்கும் வரி எங்கே போகிறது என்று அவர்களுக்குக் கண்ணில் தெரிந்தாக வேண்டும். கனடாவில் வசூலில் பெரும்பங்கைக் குடும்பங்களுக்கே திருப்பிக் கொடுத்தார்கள், ஆனாலும் பெட்ரோல் விலைப்பலகையில் தெரிந்த ஏற்றம்தான் மக்கள் மனதில் நின்றது. 2025 ஏப்ரலில் நுகர்வோர் மீதான அந்தக் கட்டணத்தையே எடுத்துவிட்டார்கள்.

செலவுக் கணக்கில் அடிக்கடி விட்டுப்போகும் ஒரு வரி, வேலை இழப்பவர்கள். தென்னாப்பிரிக்காவுக்கு நிலக்கரியிலிருந்து வெளியேற 850 கோடி டாலர் தருவதாகப் பணக்கார நாடுகள் சில 2021-இல் கிளாஸ்கோ காலநிலை மாநாட்டில் அறிவித்தன. முதலில் வகுத்த திட்டத்தில் அதில் மானியம் 4 சதவீதம் மட்டுமே. அங்கே 1961-இல் ஓடத் தொடங்கிய கொமாட்டி அனல்மின் நிலையம் 2022 அக்டோபரில் நின்றது. அந்த இடத்தில் சூரியமின்சாரமும் காற்றாலையும் பேட்டரியும் வரவேண்டும் என்று உலக வங்கி நிதி ஒதுக்கியது. ஆனால் உலை நின்ற நாளில் மாற்று வேலை தயாராக இல்லை. ஒப்பந்தத் தொழிலாளர்களையும் அவர்களை நம்பியிருந்த சிறு வியாபாரிகளையும்தான் அது முதலில் அடித்தது. பயிற்சியும் சம்பள ஈடும் முதல் வருடச் செலவாகவே கணக்கில் ஏற வேண்டும், அதுவும் மானியமாக. வேலை போனவருக்கு உதவ ஒரு நாட்டைக் கடன் வாங்கச் சொல்வது நியாயமில்லை.

என் மேஜைக்கு வந்த ஒரு கோப்பைச் சொல்லி முடிக்கிறேன். ஒரு சூரியமின் திட்டம். கடன் தர வந்த வங்கி 13 சதவீதம் கேட்டது, பத்தே வருடத்தில் திருப்பிக் கொடு என்றது. காரணம், மின்சாரத்தை வாங்கும் அரசு நிறுவனம் பில்லை மாதக்கணக்கில் தாமதித்துக் கட்டும் பழக்கம் உள்ளது. கடனோ டாலரில், வருமானம் உள்ளூர்ப் பணத்தில். கணக்கு தாங்கவில்லை, கோப்பு மூடப்பட்டது. இரண்டரை வருடம் கழித்து அதே திட்டம் திரும்ப வந்தது. இந்தத் தடவை ஒரு வளர்ச்சி வங்கி, பில் பணம் வரத் தாமதமானால் ஆறு மாதத்துக்கு நான் கட்டுகிறேன் என்று உத்தரவாதம் எழுதிக் கொடுத்திருந்தது. வட்டி 9 சதவீதத்துக்கு இறங்கியது, தவணை 16 வருடமானது. பேனல் விலையும் அதற்குள் கொஞ்சம் குறைந்திருந்தது, அதையும் சொல்ல வேண்டும். நிலையம் இப்போது ஓடுகிறது. அந்த உத்தரவாதத்தில் இதுவரை ஒரு காசைக்கூட வளர்ச்சி வங்கி எடுத்துக் கொடுக்க வேண்டி வரவில்லை.