குடகுக்கு ஒரு முதலமைச்சர் – கடிதம்

ஐயா,

போன மாதம் குடும்பத்தோடு கூர்க் போயிருந்தோம். மடிக்கேரி கோட்டையில் எங்களோடு வந்த வழிகாட்டி, “1956 வரைக்கும் இது தனி மாநிலம். எங்களுக்கென்று முதலமைச்சர் இருந்தார். மைசூர் எங்களை விழுங்கிவிட்டது” என்றார். இவ்வளவூண்டு இடத்துக்கு ஒரு முதலமைச்சரா என்று சிரித்துவிட்டோம். அவர் சொன்னது உண்மையா? குடகு தனியாகவே இருந்திருந்தால் காவிரியில் நமக்குத் தண்ணீர் தடையில்லாமல் வந்திருக்குமா?

வாசகர், திருப்பூர்

அன்புள்ள நண்பருக்கு,

கொஞ்ச நாளாகவே 1956 மாநில மறுசீரமைப்பைப் பற்றித்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். அதனால் உடனே எழுதுகிறேன்.

காவிரியை முதலில் முடித்துவிடலாம். 1924 ஒப்பந்தம் சென்னைக்கும் மைசூருக்கும் இடையே நடந்தது. ஆறு பிறக்கும் குடகு அதில் ஒரு தரப்பே இல்லை. மற்றதெல்லாம் யூகம். எந்த ஊர்க் கதையைக் கேட்டாலும் அதில் நமக்கு எத்தனை டிஎம்சி என்று கணக்குப் பார்க்கும் பழக்கத்தை விடுங்கள்.

சிரித்தோம் என்கிறீர்கள். அவர் ஊரில், அவர் முகத்துக்கு நேரே. படித்ததும் கோபம்தான் வந்தது. குடகின் பரப்பு சுமார் 4,100 சதுர கிலோமீட்டர். கோவா 3,700தான். கோவா முதலமைச்சரைப் பார்த்து நாம் சிரிப்பதில்லையே?

வழிகாட்டி சொன்னதில் பாதி சரி. 1834இல் மன்னர் சிக்க வீரராஜேந்திரனை இறக்கிவிட்டு நாட்டைப் பிடித்த ஆங்கிலேயர்கள் குடகைத் தனி மாகாணமாகவே வைத்திருந்தார்கள். 1950இல் அது ‘சி’ பிரிவு மாநிலம், அதாவது மத்திய அரசின் நேரடிப் பொறுப்பில் இருந்த சிறிய மாநிலம் ஆனது. 1952 தேர்தலில் 24 இடங்கள். சி.எம். பூணச்சா முதலமைச்சர். அவரையும் சேர்த்து அமைச்சர்கள் இரண்டே பேர். அந்த மாநிலத்துக்கு அவர்தான் முதலும் கடைசியுமான முதலமைச்சர். 1956 நவம்பர் 1 அன்று குடகு மைசூர் மாநிலத்தின் (இன்றைய கர்நாடகம்) ஒரு மாவட்டம் ஆகிவிட்டது.

என் மாமா சித்தாபுரம் பக்கம் ஒரு காபி எஸ்டேட்டில் ரைட்டராக இருந்தார். கல்லூரி விடுமுறையில் அங்கே போய்விடுவேன். எஸ்டேட் முதலாளியின் அப்பா சாயங்காலமானால் வராந்தாவில் உட்கார்ந்து பேசுவார். ஒரு மழைக்காலத்தில் பாலம் அடித்துக்கொண்டு போயிற்றாம். காலையில் மடிக்கேரிக்குப் போய் மந்திரியையே பார்த்துச் சொல்லிவிட்டு ராத்திரிச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துவிட்டாராம். “இப்போது அதற்கே பெங்களூரில் லாட்ஜ் எடுத்துத் தங்க வேண்டியிருக்கிறது” என்பார். ஆட்சி எட்டும் தூரத்தில் இருந்தது என்பதுதான் அவருடைய ஏக்கம். அதை நான் மதிக்கிறேன். ஆனால் அவர் பேசிக்கொண்டிருக்கும்போது, கீழே களத்தில் எரவப் பெண்கள் காபிப் பழத்தைப் பலகையால் தள்ளித் தள்ளிப் பரப்பிக்கொண்டிருப்பார்கள். ஒரு காலத்தில் பண்ணையடிமைகளாக இருந்த மக்கள். அவர்களில் ஒருத்தி பாலம் உடைந்தது என்று மந்திரி வீட்டுக் கதவைத் தட்டியிருக்க முடியுமா? ‘எங்கள் மாநிலம்’ என்று யார் சொன்னாலும் எனக்கு அந்தக் களம்தான் நினைவுக்கு வருகிறது.

சரி, விழுங்கிவிட்டது என்பதற்கு வருகிறேன். அந்தச் சொல்லை நான் ஏற்கவில்லை. 1952இல் மைசூரோடு இணைப்பை ஆதரித்த காங்கிரஸுக்கு 15 இடங்கள் கிடைத்தன. எதிர்த்து நின்றவர்கள் ‘குடகின் காந்தி’ எனப்பட்ட பந்தியண்ட பெள்ளியப்பாவின் தக்கடி (தராசு) அணியினர். அவர்களுக்கு 9. மைசூர் படையெடுத்து வரவில்லை. குடகு மக்கள் தேர்ந்தெடுத்த கட்சியே இணைப்பின் பக்கம் நின்றது.

ஆனால் இதை வைத்து ‘மக்கள் சம்மதித்தார்கள்’ என்று முடித்துவிடுபவர்களோடும் எனக்குச் சண்டை உண்டு. அது விடுதலைக்குப் பின் நடந்த முதல் பொதுத்தேர்தல். நேருவுக்காகப் போட்ட ஓட்டு எத்தனை, வேட்பாளர் சொந்தக்காரர் என்பதற்காகப் போட்டது எத்தனை, இணைப்புக்காகப் போட்டது எத்தனை என்று யார் பிரிப்பது? கோவாவைப் பாருங்கள். மகாராஷ்டிரத்தோடு சேர வேண்டுமா என்ற ஒரே கேள்வியை 1967 ஜனவரி 16 அன்று மக்களிடமே வைத்தார்கள். சேர வேண்டும் என்றவர்கள் 1,38,170 பேர். வேண்டாம் என்றவர்கள் 1,72,191 பேர். வித்தியாசம் சுமார் 34,000 ஓட்டு. அதனால்தான் இன்று கோவா என்று ஒரு மாநிலம் இருக்கிறது. குடகில் அந்தக் கேள்வியைக் கேட்டிருந்தால், சேரலாம் என்றேகூடச் சொல்லியிருப்பார்கள். கொடவ மொழி பேசும் கொடவர் சமூகத்தை மட்டும் வைத்துக் குடகைக் கணக்கிட முடியாது. கன்னடம் பேசும் கவுடர்கள், துளுவர்கள், மாப்பிள்ளை முஸ்லிம்கள், எரவர்கள், குறும்பர்கள் எல்லோருக்கும் அது ஊர். அவர்கள் என்ன சொல்லியிருப்பார்கள் என்பதல்ல என் வாதம். கேட்டிருக்க வேண்டும். எரவப் பெண்ணிடமும் கேட்டிருக்க வேண்டும். சின்ன இடம், தனியாக நிற்க முடியாது என்றார்கள். அதே ‘சி’ பட்டியலில் இருந்த இமாச்சலம், மணிப்பூர், திரிபுரா மூன்றும் இன்று முழு மாநிலங்கள். குடகும் அஜ்மீரும் மாவட்டங்கள்.

அந்த வழிகாட்டியின் எண் உங்களிடம் இருக்கும். கூப்பிட்டு முதலில் மன்னிப்புக் கேளுங்கள். அப்புறம், 1952இல் அவர் வீட்டுப் பெரியவர்கள் யாருக்கு ஓட்டுப் போட்டார்கள் என்று விசாரித்து எனக்கு எழுதுங்கள்.